பறவைத் தடம் பிடிக்க நாயைப் பழக்க எது நல்லது: பாட்டில் வாசனையா, இறக்கையா, செத்த பறவையா, ஓடும் பறவையா?

சுடப்பட்ட பறவை எல்லாம் விழுந்த இடத்திலேயே கிடப்பதில்லை. இறக்கையில் மட்டும் அடிபட்ட ஃபெசன்ட் (கோழி இனத்துக் காட்டுப் பறவை) தரையைத் தொட்டதும் ஓடத் தொடங்கிவிடும். கௌதாரியும் அப்படித்தான். வேலியோரம், வாய்க்கால், புதர் என்று எங்கே மறைவு கிடைக்கிறதோ அங்கே போய் ஒடுங்கிக்கொள்ளும். அதன் நிறமும் காய்ந்த புல்லின் நிறமும் ஒன்றாக இருக்கும்போது மனிதக் கண் எவ்வளவு தேடியும் பலன் இல்லை. நாய் தடம் பிடித்துப் போய் எடுத்துவந்தால் உண்டு. இல்லையென்றால் அந்தப் பறவை எங்கோ ஒரு புதருக்குள் வலியோடு மெல்லச் சாகும். துப்பாக்கி எடுக்கிறவருக்கு இதைத் தடுப்பதைவிடப் பெரிய கடமை இல்லை. குறி தவறலாம், ஆனால் அடிபட்ட பறவையை விட்டுவிட்டு வரக் கூடாது.

நாயைத் தடம் பிடிக்கப் பழக்க வேண்டும் என்பதில் யாருக்கும் சந்தேகம் இல்லை. பயிற்சித் தடத்தை எதை வைத்துப் போடுவது என்பதில்தான் ஆளுக்கு ஒரு கருத்து. கடையில் விற்கும் பாட்டில் வாசனை, இறக்கை கட்டிய டம்மி (நாய் வாயில் எடுத்துவரப் பழகும் துணி உருளை), கயிற்றில் கட்டி இழுக்கும் செத்த பறவை, பறக்க முடியாமல் தரையில் ஓடவிடப்படும் உயிருள்ள பறவை என நான்கு வழிகள் இருக்கின்றன. நான்கிலும் நல்ல நாய்கள் தேறியிருக்கின்றன, நான்கிலும் கெட்டுப்போன நாய்களும் உண்டு.

இவற்றை ஒப்பிட எனக்கு ஒரே அளவுகோல்தான்: அந்தத் தடத்தில் பறவையைத் தவிர வேறு என்ன வாசனை இருக்கிறது? அடிபட்டு ஓடும் பறவையின் தடத்தில் அதன் கால் பட்ட இடங்கள், உதிர்ந்த இறகு, ஒன்றிரண்டு சொட்டு ரத்தம், மிதிபட்ட புல் ஆகியவை இருக்கும். மனிதக் காலடி இருக்காது. பயிற்சித் தடத்தில் நம் காலடியும் சேர்ந்து கிடந்தால் நாய் எதைப் பின்தொடர்கிறது என்று நமக்கு எப்படித் தெரியும்? அது பறவையைப் பிடிக்கிறது என்று நாம் நினைத்துக்கொண்டிருப்போம். அது நம் செருப்பைப் பிடித்துக்கொண்டு போகும்.

இது வீண் பயம் இல்லை. 1993இல் நார்வே ஆய்வாளர்கள் வெளியிட்ட ஓர் ஆய்வில், புல்வெளியில் மனிதர் நடந்து 20 நிமிடம் ஆன தடத்தைக் கொடுத்தபோது, நாய்கள் ஒரு சில காலடிகளை முகர்ந்ததுமே அவர் எந்தத் திசையில் போனார் என்று சரியாக முடிவு செய்தன. அந்த அளவுக்கு மனிதக் காலடி நாய்க்குத் தெளிவான செய்தி. கனமான ஆள், அழுத்தி மிதித்த புல், நசுங்கிய இலையிலிருந்து வரும் பச்சை வாசனை எல்லாம் அதில் சேர்ந்திருக்கும். அதன் பக்கத்தில் ஒரு சின்னப் பறவை இழுபட்ட வாசனை எம்மாத்திரம்?

பாட்டில் வாசனை

ஃபெசன்ட், காடை, வாத்து என்று பறவைவாரியாகப் பாட்டிலில் வாசனைத் திரவம் கிடைக்கிறது. துணி டம்மியில் நாலு சொட்டு விட்டு இழுத்தால் தடம் தயார். சுத்தமான வேலை. ஃப்ரீசரில் பறவை வைக்க வேண்டாம், வீட்டில் யாரும் முகம் சுளிக்க மாட்டார்கள், நோய் பயமும் இல்லை. நகரத்துக் குடியிருப்பில் நாய் வளர்ப்பவருக்கு இது ஒன்றுதான் நடைமுறையில் முடியும் என்ற நிலையும் உண்டு.

ஆனால் பாட்டிலில் இருப்பது ஒரே மாதிரியான, ஒரே அடர்த்தியான வாசனை. உயிருள்ள பறவையின் மேல் தோல் செதில், எண்ணெய், எச்சம், மண் எல்லாம் கலந்து பறவைக்குப் பறவை கொஞ்சம் மாறும் ஒரு கலவை இருக்கிறது. பாட்டிலில் மட்டுமே பழகிய நாய் அந்தப் பாட்டிலைத் தேடக் கற்றுக்கொள்ளும். முதல் நிஜப் பறவையைப் பார்த்து, இது என்ன என்று விழித்து நிற்கும் நாய்கள் உண்டு. இன்னொன்று, பலர் திரவத்தைத் தாராளமாக ஊற்றிவிடுகிறார்கள். அது கையிலும் ஷூவிலும் பையிலும் ஒட்டிக்கொண்டு, போன வழி வந்த வழி எல்லாமே தடமாகிவிடுகிறது.

குட்டிக்கு முதல் சில வாரம், தடம் என்றால் என்ன, அதன் முடிவில் ஏதோ நல்லது காத்திருக்கிறது என்ற எண்ணத்தை ஊன்ற இது போதும். அதற்கு மேல் இதிலேயே தங்கக் கூடாது.

இறக்கையும் டம்மியும்

செத்த பறவையின் இறக்கையை வெட்டி, உப்பில் போட்டுக் காயவைத்து, டம்மியில் ரப்பர் பேண்டால் இறுக்கிக் கட்டுவது பழைய முறை. வாசனை நிஜமானது, பல நாள் தாங்கும். குட்டியின் வாய்க்கு இறகு பழகும். சில குட்டிகள் இறகு வாயில் ஒட்டுவதை வெறுத்துத் துப்பிவிடும். அந்தத் தயக்கத்தை உடைக்க இதைவிட நல்ல வழி எனக்குத் தெரியவில்லை.

குறை என்னவென்றால், காய்ந்த இறக்கையில் உடல் வாசனை குறைவு. தரையில் இழுத்தால் விட்டுப்போகும் தடம் மெலிசானது. தவிர, குட்டி இறக்கையைக் கடித்து விளையாட ஆரம்பித்தால் பின்னாளில் பறவையை நசுக்கும் வாயாக மாறும். விளையாட்டுச் சாமானாக அதைத் தரையில் போட்டுவைக்காதீர்கள். பயிற்சி முடிந்ததும் உடனே எடுத்து உள்ளே வைத்துவிட வேண்டும்.

செத்த பறவையை இழுப்பது

நான் பரிந்துரைப்பது இதைத்தான், அதனால் கொஞ்சம் விரிவாகவே சொல்கிறேன். ஐரோப்பாவில் வேட்டை நாய்ப் பயிற்சியின் முதுகெலும்பே இந்த இழுவைத் தடம். ஜெர்மனியில் 1899இல் உருவான வேட்டை நாய்ச் சங்கங்களின் கூட்டமைப்பு நடத்தும் இலையுதிர்காலத் தேர்வில், செத்த பறவையை 150 மீட்டர் இழுத்துத் தடம் போடுவார்கள். நடுவில் இரண்டு விரிகோணத் திருப்பம் இருக்கும். முதல் 20 மீட்டர் வரை நாயைக் கயிற்றில் பிடித்துக்கொண்டு போகலாம். அப்புறம் விட்டுவிட வேண்டும். நாய் தனியாகப் போய்ப் பறவையைக் கண்டுபிடித்து, தானாகவே எடுத்துவந்து கையில் கொடுக்க வேண்டும். தடம் போட்டவர் முடிவில் ஒரு பறவையை வைத்துவிட்டு, அதே திசையில் இன்னும் கொஞ்சம் தள்ளிப் போய் ஒளிந்துகொள்வார். அவர் வந்த வழியே திரும்பி நடக்கக் கூடாது. நடந்தால் நாய்க்கு ஒரே இடத்தில் இரண்டு தடம் ஆகிவிடும். இந்தச் சின்ன விதிக்குள் எவ்வளவு அனுபவம் அடங்கியிருக்கிறது என்று தடம் போட்டுப் பார்த்தவர்களுக்குப் புரியும்.

இதன் பெரிய பலவீனம் நான் முதலில் சொன்னதுதான்: இழுக்கிற ஆளின் காலடி. கயிற்றை இடுப்பில் கட்டிக்கொண்டு பறவையைப் பின்னால் இழுத்துக்கொண்டு போனால், பறவை அவருடைய காலடி மேலேயே இழுபடும். நாய் இரண்டையும் பிரித்துக் கற்க வாய்ப்பே இல்லை. இதைத் தீர்க்க இரண்டு வழி உண்டு. ஒன்று, நீளமான மூங்கில் கழி அல்லது பழைய தூண்டில் கழியின் நுனியில் கயிற்றைக் கட்டி, பறவை உங்கள் நடைக்கு இரண்டு மூன்று மீட்டர் பக்கவாட்டில் இழுபடும்படி பிடித்துக்கொள்வது. காற்று வரும் பக்கத்தில் பறவை இருக்க வேண்டும், நீங்கள் காற்று போகும் பக்கத்தில் நடக்க வேண்டும். அப்போது உங்கள் வாசனை பறவைத் தடத்தின் மேல் வந்து விழாது. இரண்டாவது வழி, நீளக் கயிற்றின் நடுவில் பறவையைக் கட்டி, இரண்டு பேர் ஆளுக்கொரு முனையைப் பிடித்துக்கொண்டு, எட்டுப் பத்து மீட்டர் இடைவெளியில் இணையாக நடப்பது. நடுவே போகும் தடத்தில் மனிதக் காலடி விழவே விழாது. உதவிக்கு ஆள் கிடைத்தால் இதற்கு ஈடு இல்லை.

கட்டும் விதத்திலும் கவனம் வேண்டும். கயிறு பறவையின் கழுத்தில் இருக்கட்டும். தலை முன்னால் போனால் இறகு தன் போக்கில் படிந்து வழுக்கிக்கொண்டு போகும். காலில் கட்டி இழுத்தால் இறகெல்லாம் எதிர்ப்பக்கம் விரிந்து, செடியில் சிக்கி, பாதி வழியிலேயே பறவை கந்தலாகிவிடும். தடம் தொடங்கும் இடத்தில் மார்பு இறகு ஒரு பிடி பிய்த்துப் போட்டு, பறவையை அந்த இடத்திலேயே நாலு தடவை அழுத்தித் தேயுங்கள். நிஜத்தில் பறவை விழும் இடமும் அப்படித்தான் இருக்கும்: அங்கே வாசனை அடர்த்தி, அங்கிருந்து போகப் போக மெலிவு. விழுந்த இடத்தை நிதானமாக முகர்ந்து, அங்கிருந்து வெளியேறும் வழியைத் தானே கண்டுபிடிப்பதுதான் நாய் கற்க வேண்டிய முதல் பாடம். அவசரக்கார நாய்கள் இந்த இடத்தில்தான் கோட்டை விடும்.

ஃப்ரீசரில் வைத்த பறவை என்றால் முழுக்க உறைநீங்க வேண்டும். உள்ளே கல்லாக இருக்கும் பறவை சரியாக வாசனை விடாது, கல்போல் இருப்பதை நாயும் அழுத்திக் கடித்துத் தூக்கப் பழகும். ஒரே பறவையைத் திரும்பத் திரும்ப உறையவைத்துப் பயன்படுத்த வேண்டாம். அழுகல் வாடை வந்துவிட்டால் தூர எறியுங்கள். அழுகலில் சில நாய்கள் புரளும், சில அதைத் தின்னப் பார்க்கும், சில வாயிலேயே எடுக்காது. மூன்றுமே கெட்ட பழக்கம்.

சுகாதாரத்தைப் பற்றி ஒன்று அழுத்திச் சொல்ல வேண்டும். தானாகச் செத்துக் கிடந்த காட்டு வாத்தையோ நீர்ப்பறவையையோ பயிற்சிக்கு எடுக்கவே எடுக்காதீர்கள். 2023இல் கனடாவின் ஒண்டாரியோ மாகாணத்தில் காட்டு வாத்தினப் பறவை ஒன்றைக் கடித்த வீட்டு நாய்க்கு எச்5என்1 பறவைக் காய்ச்சல் தொற்றி, அது இறந்துபோனது. பண்ணையில் வளர்ந்த ஆரோக்கியமான காடையோ புறாவோ வாத்தோ போதும். கையுறை போட்டுக்கொள்ளுங்கள், கயிற்றையும் கழியையும் கழுவிக் காயவையுங்கள்.

இழுவைத் தடத்துக்கு இன்னொரு குறையும் உண்டு. அது ஓடும் பறவையின் தடத்தைவிடப் பலமானது. மொத்த உடலும் தரையில் உரசிப் போகிறது, இடையில் விடுபடாமல் கோடு போட்ட மாதிரி இருக்கிறது. ஓடும் பறவையின் கால் மட்டும்தான் தரையில் படும். அது வளையும், திரும்பும், கல்லின் மேல் போகும், ஓடையில் இறங்கும். இழுவையிலேயே வளர்ந்த நாய் தலையைக் குனிந்து வேகமாக ஓடப் பழகிவிட்டு, திருப்பம் வந்ததும் பத்துப் பதினைந்து மீட்டர் தாண்டிப் போய் நிற்கும். இதற்கு மருந்து தடத்தை மெலிவாக்குவதுதான். இடையிடையே பறவையைத் தூக்கி ஓரடி, ஈரடி இடைவெளி விட்டு மறுபடி வையுங்கள். புல்லிலிருந்து உழுத மண்ணுக்குப் போங்கள். திருப்பங்களை மாற்றுங்கள். வாரத்துக்கு ஒன்று, மிஞ்சினால் இரண்டு போதும். தினமும் போட்டால் நாய்க்குச் சலித்துவிடும்.

ஓடும் பறவை

என் அளவுகோலில் முழு மதிப்பெண் பெறுவது இதுதான். வட அமெரிக்காவில் 1969இல் தொடங்கிய பல்பயன் வேட்டை நாய்ச் சங்கம், 16 மாதம் வரையுள்ள இளம் நாய்களுக்கு வைக்கும் இயல்புத் திறன் தேர்வில், பறக்க முடியாதபடி செய்த ஃபெசன்டையோ சக்கர் கௌதாரியையோ ஓடவிட்டு, நாய் அதன் தடத்தை எப்படிக் கையாள்கிறது என்று பார்க்கிறார்கள். மனிதக் காலடி கலக்காத, உயிருள்ள பறவையே போட்ட தடம். நாயின் பிறவிக் குணத்தை எடைபோட இதற்கு இணையான சோதனை இல்லை.

ஆனால் தேர்வுக்குச் சரியானது அன்றாடப் பயிற்சிக்கும் சரியாக வேண்டும் என்பதில்லை. பறவை எந்தப் பக்கம் போகும், எங்கே நிற்கும் என்று நமக்குத் தெரியாது. நாய் தவறும்போது அது தவறுகிறதா, பறவைதான் திரும்பியதா என்று சொல்ல முடியாது. நாய் பறவையை நேரில் கண்டுவிட்டால் மூக்கை மறந்து கண்ணால் துரத்தத் தொடங்கும். துரத்தும் ருசி கண்ட இளம் நாயைத் திரும்பத் தடத்துக்குக் கொண்டுவருவது பெரும்பாடு. எல்லாவற்றுக்கும் மேலாக, அந்தப் பறவை அனுபவிக்கும் பயமும் வலியும் உண்மையானவை. உயிருள்ள பறவையைப் பயிற்சிக்குப் பயன்படுத்துவது சில நாடுகளில் தடை, சில நாடுகளில் கடும் நிபந்தனை, சில இடங்களில் அனுமதி. உங்கள் ஊர்ச் சட்டம் என்ன சொல்கிறது என்று முதலில் கேட்டுத் தெரிந்துகொள்ளாமல் இந்தப் பக்கமே போகாதீர்கள். அனுமதி இருந்தாலும் அனுபவசாலி ஒருவர் கூட இருக்க, இழுவைத் தடத்தில் நன்றாகத் தேறிய நாய்க்கு, எப்போதாவது ஒரு தடவை என்பதோடு நிறுத்திக்கொள்வது நல்லது. இது இல்லாமலேயே நாய் தேறும். மிச்சத்தை முதல் வேட்டைப் பருவம் கற்றுக்கொடுத்துவிடும்.

ஐந்தாவதாக ஒன்றையும் சிலர் சொல்கிறார்கள்: காலடிக்குக் காலடி இறைச்சித் துண்டு வைத்துத் தடம் பழக்குவது. விளையாட்டுப் போட்டிக்கும் ஆள் தேடும் நாய்க்கும் அது அருமையான முறை. பறவை நாய்க்கு வேண்டாம். மனிதக் காலடிதான் சோறு போடும் என்று அது முதல் நாளிலேயே கற்றுக்கொள்ளும், பிறகு அதை அழிக்க நாம் பாடுபட வேண்டியிருக்கும்.

எந்த நாய் என்பதும் முக்கியம்

லாப்ரடார் போன்ற எடுத்துவரும் நாய்களுக்கு இழுவைத் தடம் கிட்டத்தட்ட பிறவி வேலை. முடிவில் வாயில் எடுக்க ஒரு பறவை இருக்கிறது என்பதே அவற்றுக்குப் போதுமான கூலி. ஸ்பானியல் வேறு ரகம். அதன் மூக்கு இயல்பாகவே தரையில்தான் இருக்கும், கண்ட தடத்தை எல்லாம் பிடித்துக்கொண்டு ஓடும். அதற்குத் தடம் பிடிக்கக் கற்றுத்தருவதைவிட, சொன்னால் மட்டும் பிடிக்கக் கற்றுத்தருவதுதான் கடினம்.

பாயிண்டர், செட்டர் வைத்திருப்பவர்கள் பயப்படுவது வேறு காரணத்துக்கு. காற்றில் தலை நிமிர்ந்து மோப்பம் பிடித்துச் சிலையாக நிற்கும் நாயைச் சீக்கிரமே தடத்தில் இறக்கினால், மூக்கைத் தரையில் ஒட்டிக்கொண்டு நடக்கத் தொடங்கிவிடும் என்கிறார்கள். அந்தப் பயத்தில் நியாயம் இருக்கிறது. ஆனால் ஜெர்மன் ஷார்ட்ஹேர்டு பாயிண்டர் போன்ற பல்பயன் இனங்கள் இரண்டையும் ஒன்றுக்கொன்று கெடாமல் செய்கின்றன. தடப் பயிற்சிக்குத் தனி அடையாளம் வைத்துவிட்டால் போதும்: தனி மார்புப்பட்டை, தனிச் சொல், எப்போதும் நிதானமான தொடக்கம். காற்றில் தேடும் வேலை அன்றைக்கு இல்லை என்று பட்டை மாட்டும்போதே நாய்க்குத் தெரிந்துவிடும்.

காற்றும் நேரமும்

எந்தப் பொருளைத் தேர்ந்தெடுத்தாலும் தப்பான நேரத்தில் போட்டால் வீண். அதிகாலையும் மாலையும் நல்லது. தரையில் லேசான ஈரம் இருந்தால் வாசனை தங்கும். உச்சி வெயிலில் காய்ந்த தரையில் தடம் சீக்கிரம் கரைந்துவிடும், கனமழை கழுவிக்கொண்டு போய்விடும். ஆரம்பத் தடங்களைக் காற்று முதுகில் அடிக்கும் திசையில் போடுங்கள். முன்னால் இருக்கும் பறவையின் வாசனை காற்றில் வந்து சேராது, நாய் மூக்கைத் தரையில் வைத்தே ஆக வேண்டும். எதிர்காற்றில் போட்டால் தலையைத் தூக்கி நேராகப் பறவையை நோக்கி ஓடிவிடும். பார்க்க அழகாக இருக்கும், தடம் பிடிக்க அது எதையும் கற்றிருக்காது. பக்கக் காற்றில் நாய் தடத்துக்கு ஓரிரு மீட்டர் தள்ளி இணையாகப் போனால் திட்டாதீர்கள். வாசனை அங்கேதான் இருக்கிறது.

தடத்தை எவ்வளவு நேரம் ஆறவிடுவது? மானின் ரத்தத் தடத்தை ராத்திரி முழுக்க ஆறவைத்துப் பழக்குகிறவர்களைப் பார்த்துப் பறவைக்கும் அப்படிச் செய்யத் தேவையில்லை. அடிபட்ட பறவையை நாய் தேடுவது பெரும்பாலும் சில நிமிடத்திலிருந்து அரை மணிக்குள். உடனடித் தடத்தில் தொடங்கி, மெல்ல அரை மணி வரை நீட்டினால் போதும்.

நாயின் கயிற்றைப் பிடித்துக்கொண்டு பின்னால் நடக்கும்போது பேசாமல் வாருங்கள். எட்டுப் பத்து மீட்டர் கயிறு கையில் தளர்வாக ஓடட்டும். தடத்தில் இருக்கும் நாயின் மூச்சு ஒரே சீராக, சின்னச் சின்ன உறிஞ்சல்களாகக் காதில் விழும், வால் ஒரு தாளத்தில் ஆடும். திருப்பத்தைத் தாண்டியதும் அந்தச் சத்தம் சட்டென்று நின்று, தலை ஓரங்குலம் மேலே எழும், வால் மெதுவாகும். அந்த நொடியில் நின்றுவிடுங்கள். கையைக் காட்டாதீர்கள், பெயரைக் கூப்பிடாதீர்கள். நாய் ஒரு வட்டம் போடும், சில சமயம் இரண்டு. தடத்தை மறுபடி குறுக்கே கடக்கும்போது உடம்பே மடங்கித் திரும்பும், மூச்சுச் சத்தம் பழையபடி தொடங்கும். அப்போது அதன் பின்னால் நடந்தால் போதும்.

இதற்காகவே தடம் போகும் வழி உங்களுக்குத் தெரிந்திருக்க வேண்டும். திருப்பங்களில் கண் உயரத்துக் கிளையில் துணி மாட்டும் கிளிப் ஒன்றைச் செருகி வையுங்கள். நாய் தேறிய பிறகு கிளிப்பை விட்டுவிட்டு, வேறொருவரைத் தடம் போடச் சொல்லுங்கள். எங்கே போகிறது என்று தெரியாத தடத்தில் நீங்கள் நாயை நம்பித்தான் ஆக வேண்டும். வேட்டைக் களத்திலும் நிலைமை அதுதான்.

எனவே இன்றைக்குத் தொடங்குகிறவருக்கு நான் சொல்வது: குட்டி சின்னது என்றால் பாட்டில் வாசனையோ இறக்கை கட்டிய டம்மியோ வைத்துப் பத்து இருபது மீட்டர் நேர்த்தடம் போடுங்கள், முடிவில் மனசார ஒரு பாராட்டு கொடுங்கள். அது தயங்காமல் இறகை வாயில் எடுக்கத் தொடங்கியதும் பண்ணைக் காடைக்கும் புறாவுக்கும் மாறிவிடுங்கள், பாட்டிலைத் திரும்ப எடுக்க வேண்டாம். ஐம்பது மீட்டர், அப்புறம் ஒரு திருப்பம், அப்புறம் நூறு, நூற்றைம்பது என்று மெல்ல நீட்டுங்கள். கழி இல்லாமல் ஒரு தடம்கூடப் போடாதீர்கள். உதவிக்கு ஒருவர் வந்தால் கயிற்றின் மறுமுனையை அவர் கையில் கொடுத்துவிடுங்கள்.